நைனார்பாளையத்துக்கு வரும் 2,000 ரூபாய் எங்கிருந்து கிளம்புகிறது?

நைனார்பாளையத்தில் மரவள்ளி போட்டிருக்கும் ஒருவருக்கு பி.எம். கிசான் தவணை 2,000 ரூபாய் வந்துவிட்டதாக போனில் மெசேஜ் வருகிறது. பக்கத்துக் காட்டுக்காரருக்கு வரவில்லை. "எனக்கு மட்டும் ஏன் வரல, யாரப் போய்க் கேக்கறது?" என்கிறார். பதில் தெரிய, டெல்லியில் இருக்கும் நிதி அமைச்சகத்தைப் பற்றிக் கொஞ்சம் தெரிந்திருக்க வேண்டும்.

நம் நாட்டில் முதல் பட்ஜெட்டை 1860 ஏப்ரல் 7 அன்று ஜேம்ஸ் வில்சன் என்ற ஸ்காட்லாந்துக்காரர் தாக்கல் செய்தார். சுதந்திர இந்தியாவின் முதல் பட்ஜெட்டைத் தாக்கல் செய்தவர் நம்ம கோயம்புத்தூர்க்காரர், ஆர்.கே. சண்முகம் செட்டியார். நாள் 1947 நவம்பர் 26. ஏழரை மாதத்துக்கான அந்தக் கணக்கில் வரவு சுமார் 171 கோடி, செலவு சுமார் 197 கோடி ரூபாய். கள்ளக்குறிச்சி தனி மாவட்டமாகச் செயல்படத் தொடங்கியதும் இதே நவம்பர் 26-இல்தான், 2019-இல்! பிறகு டி.டி. கிருஷ்ணமாச்சாரி, சி. சுப்பிரமணியம், ஆர். வெங்கட்ராமன், ப. சிதம்பரம், மதுரையில் பிறந்த நிர்மலா சீதாராமன் என்று இந்த நாற்காலியில் தமிழர்கள் பலர் உட்கார்ந்திருக்கிறார்கள்.

வரி வசூல், கடன், வங்கிகள் என்று அமைச்சகத்துக்கு வேலை நிறைய. நமக்கு நேரடியாகத் தொடர்புள்ளது செலவினத் துறை. பி.எம். கிசான் வேளாண் அமைச்சகத்தின் திட்டம்தான். ஆனால் அந்தப் பணம் நம் கணக்குக்கு வந்து சேரும் பாதையான பி.எஃப்.எம்.எஸ். என்ற கணினி அமைப்பை நடத்துவது செலவினத் துறையின் கீழுள்ள கணக்குத் தலைமை அலுவலகம். அதன் இணையதளத்தில் வங்கிப் பெயரும் கணக்கு எண்ணும் கொடுத்தால், பணம் அனுப்பப்பட்டதா என்று நீங்களே பார்க்கலாம்.

"அனுப்பியாச்சுன்னு காட்டுது, ஆனா பாஸ்புக்ல இல்லையே?" இது அடிக்கடி நடப்பதுதான். இந்தப் பணம் கணக்கு எண்ணைப் பார்த்து வருவதில்லை, ஆதாரைப் பார்த்து வருகிறது. கடைசியாக எந்த வங்கிக் கணக்கை மானியம் பெற ஆதாருடன் இணைத்தீர்களோ, அங்கேதான் போய்ச் சேரும். இரண்டு வருடம் முன்பு வேறு வங்கியில் கணக்குத் தொடங்கி, மறந்தே போயிருப்பீர்கள். பணம் அங்கே பத்திரமாகக் கிடக்கும்.

மை ஆதார் இணையதளத்தில் ஓ.டி.பி. போட்டு உள்ளே போய், 'பேங்க் சீடிங் ஸ்டேட்டஸ்' என்பதை அழுத்துங்கள். வங்கியின் பெயர் தெரியும். மாற்ற வேண்டுமென்றால் உங்களுக்கு வேண்டிய வங்கிக் கிளையில் எழுதிக் கொடுத்தால் போதும். ஆதாரில் பழைய செல் நம்பர் இருந்தால் ஓ.டி.பி. வராது, முதலில் ஆதார் மையத்தில் அதை மாற்றிவிடுங்கள்.

பணமே அனுப்பப்படவில்லை என்று காட்டினால் இ-கே.ஒய்.சி. முடிந்ததா, நில விவரம் சேர்ந்ததா என்று பி.எம். கிசான் தளத்தில் பாருங்கள். உதவி எண் 155261. மகளிர் உரிமைத் தொகை 1,000 ரூபாயை இதோடு குழப்பிக்கொள்ள வேண்டாம். அது தமிழ்நாடு அரசின் பணம். அதற்கு முதல்வரின் முகவரி உதவி எண் 1100-ஐ அழையுங்கள்.