இலட்சுமிகாந்தன் கொலை வழக்கு: மேல்முறையீடும் விடுதலையும்

இலட்சுமிகாந்தன் கொலை வழக்கு என்பது 1944 முதல் 1947 வரை சென்னையில் நடந்த குற்றவியல் வழக்கு ஆகும். இவ்வழக்கில் நடிகர்கள் எம். கே. தியாகராஜ பாகவதரும் என். எஸ். கிருஷ்ணனும் குற்றவாளிகள் எனத் தீர்ப்பளிக்கப்பட்டு, பின்னர் மேல்முறையீட்டில் விடுதலை செய்யப்பட்டனர். நம்பத்தகாத சாட்சியத்தின் மீது அமைந்த தண்டனை மேல்முறையீட்டில் நீக்கப்படுவதற்குத் தமிழ்நாட்டில் மிகவும் அறியப்பட்ட எடுத்துக்காட்டு இதுவாகும்.

வழக்கின் பின்னணி

சி. என். இலட்சுமிகாந்தன் "சினிமா தூது", "இந்து நேசன்" ஆகிய இதழ்களை நடத்தியவர். திரைத்துறையினரின் சொந்த வாழ்க்கை பற்றிய அவதூறுச் செய்திகளால் இவ்விதழ்கள் விற்பனையாயின. 1944 நவம்பர் 8 அன்று வேப்பேரியில் ரிக்சாவில் சென்றபோது அவர் கத்தியால் குத்தப்பட்டார். மறுநாள் பொது மருத்துவமனையில் இறந்தார். திசம்பரில் பாகவதர், கிருஷ்ணன், இயக்குநர் எஸ். எம். ஸ்ரீராமுலு நாயுடு ஆகியோர் கைது செய்யப்பட்டனர். கொலைக்குச் சதி செய்தார்கள் என்பது அவர்கள் மீதான குற்றச்சாட்டு.

சென்னை உயர் நீதிமன்றத்தின் செசன்சு விசாரணை ஜூரிகளுடன் நடந்தது. 1945 மே மாதத்தில் ஸ்ரீராமுலு நாயுடு விடுவிக்கப்பட்டார். பாகவதருக்கும் கிருஷ்ணனுக்கும் ஆயுட்கால நாடுகடத்தல் தண்டனை விதிக்கப்பட்டது. அவர்கள் உயர் நீதிமன்றத்தில் செய்த மேல்முறையீடு அதே ஆண்டில் தள்ளுபடியானது.

மேல்முறையீடு

அக்காலத்தில் இந்திய வழக்குகளுக்கு இறுதி முறையீட்டு மன்றமாக இருந்தது இலண்டனில் உள்ள பிரிவி கவுன்சில். அங்கு நடிகர்களுக்காக வழக்கறிஞர் டி. என். பிரிட் வாதாடினார். பிரிவி கவுன்சில் அவர்களை நேரடியாக விடுவிக்கவில்லை. மேல்முறையீட்டை மீண்டும் விசாரிக்கும்படி சென்னை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது.

இதில் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 411அ பிரிவு முக்கிய இடம் பெற்றது. உயர் நீதிமன்றத்தின் ஜூரி விசாரணையில் தண்டிக்கப்பட்டவர், சட்டப் பிழையை மட்டுமன்றி சாட்சியங்களின் உண்மைத்தன்மையையும் எதிர்த்து முறையிட 1943இல் சேர்க்கப்பட்ட இப்பிரிவு வழி செய்தது.

மறுவிசாரணையில் நடிகர்களுக்காக வி. எல். எத்திராஜ் வாதாடினார். அரசுத் தரப்பு வழக்கு, சதியில் பங்கு கொண்டதாகக் கூறி அப்ரூவராக மாறியவரின் சாட்சியத்தைப் பெரிதும் சார்ந்திருந்தது. சாட்சியங்களில் இருந்த முரண்பாடுகளை எத்திராஜ் எடுத்துக்காட்டினார். நீதிபதிகள் ஹாப்பெல், சகாபுதீன் ஆகியோர் 1947 ஏப்ரலில் இருவரையும் விடுதலை செய்தனர்.

அப்ரூவர் சாட்சியம் ஏன் ஐயத்துக்குரியது

அப்ரூவர் என்பவர் தானும் குற்றத்தில் பங்கு கொண்டதாக ஒப்புக்கொண்டு, மன்னிப்புப் பெற்று, மற்றவர்களுக்கு எதிராகச் சாட்சி சொல்பவர். தன் விடுதலைக்காகப் பிறரைக் கோத்துவிட அவருக்குக் காரணம் உண்டு. எனவே 1872ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டம் இரண்டு விதிகளைச் சேர்த்தே வைத்தது. அப்ரூவரின் சாட்சியத்தை மட்டும் கொண்டு தண்டிப்பது சட்டவிரோதம் ஆகாது என்றது 133ஆம் பிரிவு. முக்கிய விவரங்களில் வேறு சான்று துணை நிற்காவிட்டால் அவர் நம்பத்தக்கவர் அல்லர் என நீதிமன்றம் கருதலாம் என்றது 114ஆம் பிரிவின் விளக்கம். 2024 சூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சிய சட்டத்தின் 138ஆம் பிரிவு, துணைச் சான்று உள்ள சாட்சியத்தையே குறிப்பிடுகிறது.

சாட்சிகளின் தரம் பற்றி உச்ச நீதிமன்றம் 1957இல் வடிவேலு தேவர் வழக்கில் தெளிவுபடுத்தியது. முழுமையாக நம்பத்தக்கவர், முழுமையாக நம்பத்தகாதவர், இரண்டுக்கும் இடைப்பட்டவர் எனச் சாட்சிகள் மூவகைப்படுவர். முதல் வகையில் ஒரே சாட்சி போதும். இரண்டாம் வகையை ஒதுக்கிவிட வேண்டும். மூன்றாம் வகைக்கே துணைச் சான்று தேவை. சாட்சிகளின் எண்ணிக்கையைவிடத் தரமே முக்கியம் என்பது இதன் சாரம்.

இன்றைய நடைமுறை

இந்தியாவில் இன்று குற்ற வழக்குகளில் ஜூரி விசாரணை இல்லை. அரும்பாவூர் போன்ற ஒரு பேரூராட்சியில் நடந்த கொலைக்குப் பெரம்பலூர் செசன்சு நீதிமன்றம் தண்டனை விதித்தால், தண்டிக்கப்பட்டவர் சென்னை உயர் நீதிமன்றத்தில் முறையிடலாம். உயர் நீதிமன்றம் சாட்சியங்களை முழுமையாக மறுமதிப்பீடு செய்யும். தண்டனையை உறுதி செய்யவும், குறைக்கவும், நீக்கவும், மறுவிசாரணைக்கு உத்தரவிடவும் அதற்கு அதிகாரம் உண்டு. குற்றம் ஐயத்துக்கு அப்பால் மெய்ப்பிக்கப்பட வேண்டும் என்பதே மேல்முறையீட்டிலும் அளவுகோல்.

விளைவுகள்

இரு நடிகர்களும் ஏறத்தாழ இரண்டரை ஆண்டுகளைச் சிறையில் கழித்தனர். கைதுக்குச் சற்று முன் 1944 தீபாவளிக்கு வெளியான "ஹரிதாஸ்" பெரும் வெற்றி பெற்றிருந்தது. விடுதலைக்குப் பின் பாகவதர் நடித்த படங்கள் பழைய வரவேற்பைப் பெறவில்லை. அவர் 1959இல் காலமானார். கிருஷ்ணன் மீண்டும் திரையுலகில் முன்னணிக்கு வந்து, 1957இல் காலமானார்.

தவறாகத் தண்டிக்கப்பட்டவருக்கு இழப்பீடு வழங்கும் தனிச் சட்டம் அன்று இல்லை. பொய்யாக வழக்குத் தொடரப்பட்டவர்களுக்கான சட்டத் தீர்வுகளை இந்திய சட்ட ஆணையம் 2018இல் தனது 277ஆம் அறிக்கையில் பரிந்துரைத்தது. மேல்முறையீடு தண்டனையை நீக்கித் தரும். சிறையில் கழிந்த ஆண்டுகளை மீட்டுத் தருவதில்லை. முதல் விசாரணையிலேயே சாட்சியத்தை ஐயத்தோடு எடைபோட வேண்டியதன் தேவையை இவ்வழக்கு காட்டுகிறது.