உங்களுக்குத் தெரியுமா? பேரரசின் சாவுக்கு நாள் குறித்த கணக்கு

● தனி மனிதன் நாளை என்ன செய்வான் என்று யாராலும் சொல்ல முடியாது. ஆனால் கோடானுகோடிப் பேர் சேர்ந்த கூட்டம் அடுத்த சில நூறு ஆண்டுகளில் எந்தப் பக்கம் சாயும் என்று கணக்குப் போட்டுச் சொல்லிவிடலாம். இதுதான் ‘சைக்கோஹிஸ்டரி’. ‘ஃபவுண்டேஷன்’ கதைகளுக்காக ஐசக் அசிமோவ் கற்பனை செய்த அறிவியல். புனைகதைகளில் பிறந்த கோட்பாடுகளிலேயே உண்மைக்கு மிக அருகில் வந்து நிற்பது இதுதான் என்பேன்.

● 1941 ஆகஸ்ட் 1. பத்திரிகை ஆசிரியர் ஜான் கேம்ப்பெல்லைப் பார்க்க நியூயார்க் சுரங்க ரயிலில் போய்க்கொண்டிருந்தார் அசிமோவ். வயது 21. சொல்வதற்குக் கையில் கதை இல்லை. கில்பர்ட்–சல்லிவன் இசை நாடகப் புத்தகத்தில் ஏதோ ஒரு பக்கத்தைப் பிரித்தார். தேவதைகளின் ராணி ஒரு சிப்பாயின் காலில் விழும் படம். சிப்பாயிலிருந்து படை, படையிலிருந்து பேரரசு, அங்கிருந்து ரோமின் வீழ்ச்சி, கடைசியில் நட்சத்திரங்களை ஆளும் பேரரசின் வீழ்ச்சி என்று மனம் ஓடியது. முதல் கதை கேம்ப்பெல்லின் ‘அஸ்டவுண்டிங்’ இதழில் 1942 மே மாதம் வந்தது.

● அசிமோவ் படித்தது வேதியியல். வாயுவில் ஒரு மூலக்கூறு எங்கே பாயும் என்று தெரியாது. மொத்த வாயுவின் அழுத்தத்தைத் துல்லியமாகச் சொல்லலாம். இந்தக் கொள்கையைத்தான் மனிதர்களுக்குப் பொருத்தினார்.

இதில் பலருக்கும் தெரியாத முன்கதை ஒன்று உண்டு. குற்றங்களும் திருமணங்களும் ஆண்டுக்கு ஆண்டு ஏறக்குறைய ஒரே கணக்கில் நடப்பதைக் கவனித்து, 1835-ல் ‘சமூக இயற்பியல்’ பற்றி நூல் எழுதினார் பெல்ஜிய வானியலாளர் அடால்ஃப் கெத்லே. அவரது ஆய்வைப் பற்றி வானியலாளர் ஜான் ஹெர்ஷல் எழுதிய மதிப்புரையை இளம் இயற்பியலாளர் மேக்ஸ்வெல் படித்தார். 1860-ல் வாயு மூலக்கூறுகளின் வேகத்தைக் கணக்கிட அதே வகைப் புள்ளியியலைக் கையாண்டார். ஆக, மனிதக் கூட்டத்திலிருந்து வாயுவுக்குப் போன கணக்கைத்தான் அசிமோவ் திரும்பவும் மனிதர்களிடம் கொண்டுவந்து சேர்த்திருக்கிறார்!

● கதையில் இந்தக் கணிதத்தை உருவாக்குபவர் ஹேரி செல்டன். பேரரசு விழுவதைத் தடுக்க முடியாது, ஆனால் அதற்குப் பின் வரும் 30,000 ஆண்டு இருளை 1,000 ஆண்டாகச் சுருக்கலாம் என்கிறார்.

● சைக்கோஹிஸ்டரிக்கு இரண்டு நிபந்தனைகள். ஒன்று, கூட்டம் மிகப் பெரிதாக இருக்க வேண்டும். இரண்டு, கணிப்பு அந்தக் கூட்டத்துக்குத் தெரியக் கூடாது. தெரிந்தால் நடத்தை மாறும், கணிப்பு பொய்த்துவிடும். அதனால்தான், கலைக்களஞ்சியம் தொகுக்க என்று சொல்லி டெர்மினஸ் கிரகத்துக்கு அனுப்பிய ‘ஃபவுண்டேஷன்’ குழுவில், கணிப்பை ஊகித்துவிடக்கூடிய உளவியலாளர்களுக்குச் செல்டன் ஏறக்குறைய இடமே கொடுக்கவில்லை. 50 ஆண்டுகள் கழித்து அவரது உருவம் ஒளிப்பதிவாகத் தோன்றுகிறது: சக்கர நாற்காலி, மடியில் புத்தகம். எதிரே யாராவது இருக்கிறார்களா என்பதுகூட அந்த உருவத்துக்குத் தெரியாது. நீங்கள் இத்தனை காலம் பாடுபட்ட கலைக்களஞ்சியப் பணி வெறும் போர்வை என்று அது நிதானமாகச் சொல்கிறது.

● இரண்டாம் நிபந்தனை கற்பனை அல்ல. கணிப்பு தெரிந்தால் நடத்தை மாறும்; அதனால் பொய்யான கணிப்பும் பலித்துவிடலாம். வங்கி நொடியப்போகிறது என்ற வதந்தியை நம்பி எல்லாரும் பணத்தை எடுக்க ஓடினால், நல்ல வங்கியும் நொடிந்துவிடும். சமூகவியலாளர் ராபர்ட் மெர்ட்டன் 1948-ல் இதை அலசி எழுதினார்.

● கேம்ப்பெல் வற்புறுத்தியதால், 1945-ல் தன் கோட்பாட்டைத் தானே உடைத்தார் அசிமோவ். பிறர் உணர்ச்சிகளை வளைக்கும் ‘மியூல்’ என்ற ஒற்றை மனிதன் வருகிறான். கூட்டத்தின் கணக்கில் அவன் இல்லை. செல்டனின் உருவம் வழக்கம்போலத் தோன்றி, நடக்கவே நடக்காத ஓர் உள்நாட்டுப் போரைப் பற்றிப் பேசுகிறது; கேட்பவர்கள் திகைக்கிறார்கள். மியூலின் படை வந்துவிட்டது. முழுத் தொடரிலும் என்னை மிகவும் உலுக்கிய இடம் இது.

● அந்தக் கணக்கு தானாக ஓடுவதும் இல்லை. ‘இரண்டாம் ஃபவுண்டேஷன்’ என்ற மறைவுக் குழு, பிசகும் இடங்களில் திருத்திக்கொண்டே இருக்கிறது. சின்னஞ்சிறு பிழை வளர்ந்து வானிலைக் கணிப்பையே கவிழ்க்கும் என்று வானிலையியலாளர் எட்வர்ட் லோரன்ஸ் 1963-ல்தான் கட்டுரை எழுதினார். இடைவிடாத திருத்தம் வேண்டும் என்பதை அசிமோவ் அதற்கு முன்பே உணர்ந்திருந்தார்.

● விண்மீன் மண்டலத்தில் மனிதனைத் தவிர வேறு அறிவுள்ள இனம் இல்லை என்பது சொல்லாமல் விட்ட மூன்றாவது நிபந்தனை. இது 1986-ல் வந்த நாவலில்தான் வெளிப்பட்டது.

● எல்லாக் காலத்துக்குமான சிறந்த தொடர் என்று 1966-ல் ஹ்யூகோ விருது பெற்றது ‘ஃபவுண்டேஷன்’. போட்டியில் தோற்றவற்றுள் டோல்கீனின் ‘லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ ஒன்று.

● 2008-ல் பொருளாதார நோபல் பெற்ற பால் க்ரூக்மன், இளமையில் ஹேரி செல்டன் ஆக ஆசைப்பட்டவர். அதற்கு மிக அருகில் இருந்த துறை என்றுதான் பொருளாதாரத்துக்கு வந்தாராம்.

● உயிரியலாளராகத் தொடங்கிய பீட்டர் துர்ச்சின், ‘கிளியோடைனமிக்ஸ்’ என்ற பெயரில் வரலாற்றைக் கணிதமாக்கப் பார்க்கிறார். தேங்கிய கூலி, பெருகும் மேல்தட்டுப் போட்டி, ஏறும் அரசுக் கடன் ஆகியவற்றை வைத்து, 2020-ஐ ஒட்டி அமெரிக்காவில் கொந்தளிப்பு உச்சம் தொடும் என்று 2010-ல் ‘நேச்சர்’ இதழில் எழுதினார். 2021 ஜனவரியில் அந்நாட்டு நாடாளுமன்றக் கட்டடத்துக்குள்ளேயே கும்பல் புகுந்தது. ஒரு கணிப்பு பலித்ததால் மட்டும் அறிவியல் நிறுவப்பட்டுவிடாது. ஆனால் துர்ச்சின் தன் கணக்கை ஊரறிய வெளியிட்டார். செல்டனின் இரண்டாம் நிபந்தனைக்கு நேர்மாறான வழி அது. தங்கள் தலைவிதியைப் பற்றிய கணக்கு மக்கள் கையில்தான் இருக்க வேண்டும் என்று நினைக்கிறேன். அதனால் கணிப்பு பொய்த்துப்போனாலும் பரவாயில்லை.