நான்கு நட்டும் ஏறிவிட்டால் போதுமா?

பாறசாலையில் தேசிய நெடுஞ்சாலையை விட்டுப் பிரிந்து, வெள்ளறடையைக் கடந்து, ரப்பர்த் தோட்டங்களின் நிழலூடே அம்பூரியை நோக்கி மேலேறும் பாதையில், வளைவுக்கு வளைவு சாய்ந்தும் நிமிர்ந்தும் செல்கிற ஒரு குடும்பக் காரின் சக்கரம் எத்தனை விதமான விசைகளுக்கு ஆட்படுகிறது என்பதை, அந்தக் காரில் அமர்ந்து பிரயாணம் செய்பவர்கள் பெரும்பாலும் எண்ணிப் பார்ப்பதில்லை. எண்ண வேண்டிய அவசியமும் அவர்களுக்கு நேர்வதில்லை, ஏனெனில் அந்தக் காரை உருவாக்கிய பொறியாளர்கள் அதையெல்லாம் முன்னரே எண்ணிச் சக்கரத்தின் பரிமாணங்களை நிர்ணயித்துவிட்டார்கள். ஆனால், பழைய இரும்பு வீல் துருவேறியோ, மழைக்காலத்துக் குழி ஒன்றில் இடித்து விளிம்பு கோணியோ போய், ‘இனி நல்லதாக நாலு அலாய் வீல் போட்டுவிடலாம்’ என்று வீட்டில் பேச்சு எழுகிற நாளில், அந்தப் பொறியாளர்களின் பொறுப்பு முழுவதும் கார்க்காரரின் தலையில் வந்து இறங்குகிறது.

கேரளமும் தமிழ்நாடும் சந்திக்கும் இந்த எல்லைக் கிராமங்களின் டயர்க் கடைகளில், வேறொரு காரிலிருந்து கழற்றிய அலாய் வீல்கள் குறைந்த விலைக்குக் கிடைப்பதுண்டு. தயங்கி நிற்பவரிடம், “நட்டு நாலும் கேறியாச்சு, பின்ன என்ன அண்ணே?” என்று கடைப்பையன் நல்லெண்ணத்தோடுதான் சொல்லுகிறான். ஆனால் நட்டு ஏறுவது என்பது பொருத்தத்தின் முதற்படி மாத்திரமே. அதையே முழுப் பொருத்தமாக எடுத்துக்கொள்வதில்தான் அபாயம் இருக்கிறது.

இதற்கு மிகவும் அருகிலுள்ள உதாரணம் மாருதி டிசையரும் ஹோண்டா சிட்டியும் ஆகும். இரண்டிலும் சக்கரத்தை அச்சின் முகப்பாகிய ஹப்பில் பிணைக்க நான்கு திருகாணிகள் இருக்கின்றன. அந்த நான்கின் மையங்களையும் தொட்டுச் செல்லும் வட்டத்தின் விட்டம், பி.சி.டி. என்று கடையில் வழங்குகிற அளவு, இரண்டு காருக்கும் 100 மில்லிமீட்டர்தான். ஆகையால் சிட்டியின் வீலை டிசையரில் வைத்தால் துளைக்கு நேரே திருகாணி வந்து நிற்கும். ஆனால் வீலின் மத்தியில் உள்ள பெரிய துளை, அதாவது சென்டர் போர், டிசையருக்கு 54.1 மில்லிமீட்டர், சிட்டிக்கு 56.1. ஹப்பின் நடுவே புடைத்து நிற்கும் வளையத்தின்மேல் வீல் கச்சிதமாக உட்கார வேண்டியிருக்க, இங்கே சுற்றிலும் ஒரு மில்லிமீட்டர் வெற்றிடம் தங்கிவிடுகிறது. நட்டு உட்காரும் குழியும் வேறுபடுகிறது: ஹோண்டாவின் அலாய் வீலில் அது உருண்டையான கிண்ணம், மாருதியின் நட்டோ கூம்பு வடிவம். கூம்பு கிண்ணத்தில் இறங்கும்போது அதன் முகம் முழுவதும் படியாமல், மெல்லிய ஒரு கோடு மாத்திரமே தொட்டு நிற்கும். வீலோடு கூடவே ஹோண்டாவின் நட்டையும் வாங்கி இந்தக் குறையைத் தீர்க்கலாம் என்றால், இரண்டுமே 12 மில்லிமீட்டர் தடிமனுக்கு உரியவையாயினும், ஹோண்டாவின் மரை இடைவெளி 1.5 மில்லிமீட்டர், மாருதியினுடையது 1.25, பலவந்தமாகத் திருகினால் மரை தின்றுபோகும்.

வீலை ஹப்பில் நிறுத்திவைப்பது திருகாணிகளின் தண்டு என்றுதான் சாதாரணமாக நாம் நினைக்கிறோம். உண்மை வேறு. நட்டை இறுக்கும்போது திருகாணி சிறிதளவு நீள்கிறது. நீண்டது மீண்டும் சுருங்க முயல்வதால், வீலின் உட்புற முகமும் ஹப்பின் முகமும் ஒன்றோடொன்று பெருத்த விசையுடன் அழுந்துகின்றன. அந்த அழுத்தத்தால் உண்டாகும் உராய்வே காரின் பாரத்தையும், பிரேக்கின் இழுப்பையும், வளைவின் பக்கவாட்டுத் தள்ளலையும் தாங்குகிறது. ஆகவே நட்டு தன் இருக்கையில் முழுமையாகப் படியாத வீலில் இறுக்கம் நாளடைவில் தளரும். இறுக்கம் தளர்ந்தால் உராய்வு போகும். உராய்வு போனபின், வளைவதற்கென்று வடிவமைக்கப்படாத திருகாணித் தண்டு ஒவ்வொரு சுற்றுக்கும் வளைந்து நிமிர்ந்து, கடைசியில் களைத்து முறியும். பல கார்களுக்கும் பொதுவாகத் தயாராகும் அலாய் வீல்களில் நடுத்துளை வேண்டுமென்றே பெரிதாக, பெரும்பாலும் 73.1 மில்லிமீட்டராக, விடப்பட்டிருக்கும். அந்த இடைவெளியை நிரப்ப ஹப் ரிங் என்னும் வளையம் கிடைக்கிறது. சொற்ப விலையுள்ள அந்த வளையத்தை வாங்காமல் விடுவதற்கு நியாயம் எதுவும் இல்லை.

ஐந்து துளை வீல்களைப் பற்றி ஒரு வார்த்தை. அவற்றில் எதிரெதிர்த் துளை இல்லாமையால் பி.சி.டி.யை நேரே அளக்க இயலாது. பக்கத்துப் பக்கத்துத் துளைகளின் மையதூரத்தை அளந்து 1.701 என்னும் எண்ணால் பெருக்க வேண்டும். அந்தத் தூரம் 58.8 மில்லிமீட்டர் வந்தால் வோக்ஸ்வேகன் வென்டோ போன்ற கார்களுக்குரிய 100, 65.8 வந்தால் 112, 67.2 வந்தால் 114.3. பிந்திய இரண்டுக்கும் உள்ள வித்தியாசம் ஒன்றரை மில்லிமீட்டருக்கும் குறைவு. சாதாரண டேப்பை நம்பினால் இங்கே ஏமாறாதவர் அரிது.

இனி, எல்லா அளவுகளிலும் கண்ணுக்குப் புலப்படாததும், என் அபிப்பிராயத்தில் எல்லாவற்றிலும் முக்கியமானதுமான ஆஃப்செட்டுக்கு வருவோம். வீலின் அகலத்தைச் சரிபாதியாகப் பிளக்கும் ஒரு தளத்தைக் கற்பனை செய்துகொண்டால், ஹப்பில் பதியும் முகம் அந்தத் தளத்திலிருந்து எத்தனை மில்லிமீட்டர் வெளிப்புறமாக இருக்கிறது என்பதே ஆஃப்செட்; வீலின் வார்ப்பிலேயே ‘இ.டி. 45’ என்பது போலப் பொறித்திருக்கும். எழுத்து அழிந்திருந்தால், வீலை முகம் கவிழ்த்துத் தரையில் வைத்து, உட்புற விளிம்பின்மேல் நேரான இரும்புச் சட்டம் ஒன்றைக் குறுக்கே போட்டு, அதிலிருந்து பதியும் முகம்வரை ஆழத்தை அளந்து, விளிம்போடு விளிம்பு முழு அகலத்தில் பாதியை அதிலிருந்து கழித்தால் கிடைத்துவிடும். 6 அங்குல வீல் ஒன்றின் முழு அகலம் 178 மில்லிமீட்டராகவும், ஆழம் 134 ஆகவும் இருந்தால், ஆஃப்செட் 45.

ஐந்தரை அங்குல அகலமும் 45 ஆஃப்செட்டும் உள்ள வீலை எடுத்துவிட்டு, பார்வைக்குக் கம்பீரமாக இருக்கிறதே என்று 7 அங்குல அகலமும் 35 ஆஃப்செட்டும் கொண்டதைப் போட்டால் என்ன ஆகும் என்று கணக்கிட்டால், புதிய வீல் உட்புறமாக 9 மில்லிமீட்டரும் வெளிப்புறமாக 29 மில்லிமீட்டரும் நீண்டுவிடுவது தெரியவரும். உட்புறத்து 9, ஷாக் அப்சார்பரின் உடலைத் தொடுமா என்ற கேள்வியை எழுப்பும். வெளிப்புறத்து 29, முழுக் குடும்பமும் ஏறிக் கார் தாழ்ந்திருக்கும்போது மட்கார்டின் விளிம்பை டயர் உரசுமா என்ற கேள்வியை எழுப்பும். இவை இரண்டும் கடைவாசலிலேயே ஸ்டியரிங்கை இருபுறமும் முழுதாக ஒடித்துப் பார்த்து, விரலை விட்டுச் சோதித்துத் தெரிந்துகொள்ளக் கூடியவை. தெரியாமல் நடக்கும் மாறுதல் மூன்றாவது ஒன்று.

முன்சக்கரம் திரும்பும்போது ஓர் அச்சைப் பற்றியே திரும்புகிறது. ஷாக் அப்சார்பரின் மேல்முனையிலிருந்து கீழேயுள்ள பந்து மூட்டுவரை சாய்வாகச் செல்லும் அந்தக் கற்பனைக் கோட்டை மேலும் நீட்டினால், தரையில் ஏதோ ஒரு புள்ளியைத் தொடும். டயர் தரையில் பதியும் இடத்தின் மத்திக்கும் அந்தப் புள்ளிக்கும் உள்ள தூரத்தை வெகு நுட்பமாகத் தீர்மானிக்கிறார்கள். முன்சக்கரங்களால் இயங்கும் இக்காலத்துக் கார்களில், டயரின் மத்தி அந்தப் புள்ளிக்குச் சிறிது உட்புறமாகவோ ஏறக்குறைய அதன்மேலேயோ அமையும்படி செய்வது வழக்கம். அதன் பயன், அம்பூரிப் பாதையில் எதிரே வரும் கே.எஸ்.ஆர்.டி.சி. பஸ்ஸுக்கு வழிவிட்டு இடது சக்கரங்களை ஓரத்துச் சேற்றில் இறக்கியவாறே பிரேக்கை மிதிக்கும் அந்த ஒரு விநாடியில் வெளிப்படுகிறது. வலது சக்கரம் தாரில் இறுகப் பிடிக்கிறது. இடது சக்கரம் சேற்றில் வழுக்குகிறது. கார் வலப்புறமாக, அதாவது வருகிற பஸ்ஸின் பக்கமாக, இழுபடப் பார்க்கிறது. டயரின் மத்தி அச்சுப் புள்ளிக்கு உட்புறமாக இருந்தால், வலது சக்கரத்தில் எழும் அதே பிரேக் விசை ஸ்டியரிங்கை மெல்ல இடப்புறம் திருப்பி, ஓட்டுபவர் உணருமுன்பே காரை நேர்செய்ய முயலும். ஆஃப்செட் குறைந்த வீலைப் போட்டு அந்த மத்தியை வெளிப்புறமாக நகர்த்திவிட்டால், காப்பாற்ற வேண்டிய விசையே ஸ்டியரிங்கை வலப்புறம் பறிக்கும். நெடுஞ்சாலையில் பல மாதங்கள் ஓட்டினாலும் இந்தக் குணம் தலைகாட்டாமல் இருக்கலாம். வெளியே தள்ளிய பாரம் வீல் பேரிங்கை நெம்பி அதன் ஆயுளைக் குறைப்பதும் இதோடு சேர்ந்த நஷ்டம்.

டயரின் மொத்த விட்டத்தைப் பற்றிய கணக்கு, இதற்கு மாறாக, யாரும் காகிதத்தில் போட்டுப் பார்க்கக்கூடியது. 185/65 ஆர் 15 என்றால் டயரின் அகலம் 185 மில்லிமீட்டர். பக்கச் சுவரின் உயரம் அதில் 65 சதவீதம், அதாவது 120. ரிம்மின் விட்டம் 15 அங்குலம், அதாவது 381. இரண்டு பக்கச் சுவர்களையும் சேர்த்தால் 621.5 மில்லிமீட்டர். 2017-இல் வந்த டிசையரின் உயர்ந்த வகைகளுக்கு இதுவும், தாழ்ந்த வகைகளுக்கு 165/80 ஆர் 14-உம் தரப்பட்டன. பிந்தியதைக் கணக்கிட்டால் 619.6 வருகிறது. ரிம் ஓர் அங்குலம் மாறியும் மொத்த விட்டம் இரண்டு மில்லிமீட்டருக்குள் நிற்பது தற்செயல் அன்று. இந்தப் பிரமாணத்தை மறந்து 205/60 ஆர் 16 போட்டால் விட்டம் 652.4 ஆகி, ஏறக்குறைய 5 சதவீதம் கூடிவிடும். ஸ்பீடோமீட்டர் 60 காட்டும்போது கார் உண்மையில் 63-இல் போய்க்கொண்டிருக்கும்.

205/45 ஆர் 17 போட்டால் விட்டம் 616.3, கணக்குச் சரியாகத்தான் வருகிறது. ஆனால் பக்கச் சுவரோ 92 மில்லிமீட்டராகச் சுருங்கிவிடுகிறது. 14 அங்குல ரிம்மின் மேல் அது 132 இருந்தது. குழியின் விளிம்பில் மோதும்போது மடங்கிக்கொடுத்து ரிம்மைக் காப்பது இந்தச் சுவர்தான். மீண்டும் மீண்டும் மடங்கினாலும் அதிகமாகச் சூடேறாத குணம் இயற்கை ரப்பருக்கு உண்டு என்பதால், அம்பூரித் தோட்டங்களில் விடியற்காலையில் வெட்டி எடுக்கும் பாலைப் போன்றதே அந்தச் சுவரில் செயற்கை ரப்பருடன் கலந்து நிற்கிறது. அகலமான டயர் உலர்ந்த சாலையில் நன்றாகப் பிடிக்கும் என்பது மெய்; ஆனால் தேங்கிய நீரின்மேல் மிதந்துபோகும் சுபாவமும் அதற்கே அதிகம். இரண்டு பருவமழைகளையும் தவறாமல் வாங்கிக்கொள்ளும் நெய்யாற்றுப் படுகை மலையடிவாரத்தில் ஓடும் காருக்கு, 15 அங்குலத்துக்கு மேற்பட்ட வீலை நான் சிபாரிசு செய்யமாட்டேன்.

பலத்தைப் பற்றியும் கேட்க வேண்டும். இரும்பு வீல் அடிபட்டால் வளையும், தட்டி நிமிர்த்தலாம். அலுமினியக் கலவையில் வார்த்த வீல் ஓர் எல்லைவரை தாங்கிவிட்டுப் பிறகு விரிசல் காணும். ஆகவேதான் சர்வதேச நியமமான ஐ.எஸ்.ஓ. 7141, டயர் மாட்டிய வீலை 13 டிகிரி சாய்த்துவைத்து, அதன் விளிம்பின்மேல் 230 மில்லிமீட்டர் உயரத்திலிருந்து கனத்த பாளம் ஒன்றை விழச்செய்து சோதிக்கச் சொல்லுகிறது. அந்தப் பாளத்தின் எடை, வீல் தாங்க வேண்டிய பாரத்தில் பத்தில் ஆறு பங்கும் அதோடு 180 கிலோவும். 500 கிலோ தாங்கும் வீலுக்கு 480 கிலோ. இத்தகைய சோதனையில் தேறியதற்கு அடையாளமாக வீலின் உட்புறத்தில் முத்திரையும், அது தாங்கும் பாரமும் பொறித்திருக்கும். வெளிமுகம் எவ்வளவு மினுமினுத்தாலும், அந்த எழுத்துகள் இல்லாததைத் தொடவே கூடாது. டயரிலும் அவ்வாறே பாரக் குறியீடு உண்டு: 85 என்றால் 515 கிலோ, 88 என்றால் 560. அம்பூரியிலிருந்து வெள்ளறடைக்கு இறங்கும்போது பிரேக் பிடிக்குந்தோறும் காரின் பாரம் முன்சக்கரங்களின்மேல் சாய்வதால், பழைய டயரில் இருந்த குறியீட்டைவிடக் குறைந்ததை ஏற்கலாகாது.

சட்டமும் இதே திசையில் நிற்கிறது. தயாரிப்பாளரின் மூல விவரங்களுக்கு மாறுபடும்படி வாகனத்தை மாற்றலாகாது என்று 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு கூறுகிறது. கேரளத்திலிருந்து எழுந்த வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் 2019 ஜனவரியில் அதை உறுதி செய்தது. பனச்சமூட்டில் எல்லையைக் கடந்து தமிழ்நாட்டுக்குள் நுழைந்தாலும் அதே மத்தியச் சட்டம்தான். ஆகவே அந்தந்தக் காருக்குத் தயாரிப்பாளரே வெவ்வேறு வகைகளில் தந்திருக்கும் அளவுகளுக்குள் தெரிந்தெடுப்பதே உத்தமம். அவை ஓட்டுநர் பக்கத்துக் கதவுச் சட்டத்திலோ கைப்புத்தகத்திலோ அச்சிடப்பட்டிருக்கும்.

மாட்டும்போது ஹப்பின் முகத்தில் படிந்த துருவைக் கம்பித் தூரிகையால் தேய்த்து நீக்கிவிட வேண்டும். துருவின் மெல்லிய ஏடு நடுவில் அகப்பட்டுக்கொண்டால், ஓட்டத்தில் அது நொறுங்கி உதிர்ந்து இறுக்கம் போய்விடும். நட்டுகளை எதிரெதிராக, கையாலேயே முதலில் ஏற்றி, பிறகு டார்க் ரெஞ்சினால் கைப்புத்தகம் சொல்லும் அளவுக்கு இறுக்க வேண்டும். அந்த அளவு பெரும்பாலான குடும்பக் கார்களுக்கு 100 நியூட்டன் மீட்டரை ஒட்டியிருக்கும். அது, மீட்டரில் மூன்றில் ஒரு பங்கு நீளமுள்ள ஸ்பேனரின் நுனியில் 30 கிலோ எடையைத் தொங்கவிடுவதற்குச் சமம். காற்றுத் துப்பாக்கியால் கண்ணை மூடிக்கொண்டு இறுக்குவது திருகாணியை அளவுக்கு மீறி நீட்டிவிடும். புது வீலோடு 50 முதல் 100 கிலோமீட்டர் ஓடியபின் மறுபடியும் ஒரு முறை சோதிப்பது கட்டாயம்.

ஸ்டெப்னி பெரும்பாலும் பழைய இரும்பு வீலாகவே இருக்கும். புதிய அலாய் வீலுக்கென்று வேறு வகை நட்டு வாங்க நேர்ந்திருந்தால், அது இரும்பு வீலின் குழியில் சரியாகப் படியாது. ஆகையால் கழற்றிய பழைய நட்டுகளில் நான்கை எண்ணெய் தடவாமல் துணியில் முடிந்து, ஜாக்கியோடு சேர்த்து டிக்கியிலேயே போட்டுவைக்க வேண்டும்.