தும்பையும் அதன் தூரத்து உறவும்

புதினா, துளசி, தும்பை, கற்பூரவல்லி ஆகியவை பார்வைக்கும் பயனுக்கும் ஒன்றோடொன்று ஒட்டாதவை போலத் தோன்றினாலும், தாவரவியலார் அவற்றை லேமியேசி எனப்படும் ஒரே குடும்பத்தில், அதாவது புதினாக் குடும்பத்தில் வைக்கின்றனர். உலகெங்கும் ஏறத்தாழ 7,000 இனங்களைக் கொண்ட இக்குடும்பத்தில், மேலைநாட்டு மூலிகைக் கடைகளில் பெயர்பெற்ற ‘ஸ்கல்கேப்’ செடியும் ஒன்று. திருவண்ணாமலையின் செம்மண் காடுகளில் இச்செடி விளைவதில்லை. ஆயினும் அதன் உறவினங்கள் மானாவாரிக் கொல்லைகளிலும், ஏரிக்கரைகளிலும், 14 கிலோமீட்டர் நீளமுள்ள கிரிவலப் பாதையை ஒட்டிய தரிசுகளிலும் மழைக்குப் பின் யாரும் விதைக்காமலே முளைத்துப் பூப்பதால், அக்குடும்பத்தை அறிந்துகொள்ள விரும்புவோருக்கு இவ்வூரைவிட வசதியான இடம் வேண்டியதில்லை.

இக்குடும்பத்தை அடையாளம் காணப் பொதுவாகச் சொல்லப்படும் முதல் குறி நான்கு பட்டையான தண்டு. தண்டின் நான்கு மூலைகளிலும் தாங்குதிசு தடித்து அமைவதால் இவ்வடிவம் உண்டாகிறது. விரல்களுக்கிடையே உருட்டினால் கண்ணை மூடிக்கொண்டும் உணரலாம். இலைகள் எதிரெதிராக அமைந்து, ஒவ்வோர் இணையும் அதற்குக் கீழுள்ள இணைக்குக் குறுக்காகத் திரும்பி நிற்கும். பூவின் இதழ்கள் அடியில் குழலாக இணைந்து, நுனியில் மேலுதடு, கீழுதடு என இரண்டாகப் பிளந்திருக்கும். மணம் நான்காவது குறி என்று பலரும் கொள்வது உண்டெனினும் அது நம்பத்தக்கதன்று. துளசியும் கற்பூரவல்லியும் தொட்ட மாத்திரத்தில் மணக்க, தும்பை கசக்கினால் மட்டுமே சற்றுக் காரமாக நெடியடிக்கிறது, ஸ்கல்கேப்போ ஏறக்குறைய மணமே அற்றது.

சதுரத் தண்டையும் எதிரிலையையும் மட்டும் கொண்டு முடிவு கட்டுவோர் ஏமாறுவதற்கு இப்பகுதியில் இடம் மிகுதி. டெங்குக் காய்ச்சல் பரவிய ஆண்டுகளில் கசாயமாக வீடுதோறும் அறிமுகமான நிலவேம்புக்கும் தண்டு நான்கு பட்டை, இலை எதிரிலை, பூவும் இரண்டு உதடு கொண்டது. ஆனால் அது ஆடாதோடையின் குடும்பத்தைச் சேர்ந்தது. மலையடிவாரத்துப் புதர்களை விழுங்கிவரும் உண்ணிச்செடிக்கும் தண்டு சதுரமே. ஐயத்தைத் தீர்ப்பது காய்தான். புதினாக் குடும்பத்தில் சூற்பை நான்கு கூறாகப் பிரிந்து, ஒவ்வொரு கூறும் ஒரு விதை கொண்ட கெட்டியான சிறுகனியாக முதிர்கிறது. பூவின் வெளிப்புறப் பச்சைக் கிண்ணமாகிய புல்லிவட்டம் உதிராமல் நின்று அந்நான்கையும் காக்கிறது. நிலவேம்பில் நீண்டு மெலிந்த காய் உலர்ந்து இரண்டாக வெடிக்கும். உண்ணிச்செடியில் கருநீலச் சதைக்கனிகள் கொத்தாகக் காய்க்கும். ஆகவே வாடிய பூக்கொத்தைக் கையில் கொட்டிப் பார்ப்பது, இலையை முகர்ந்து பார்ப்பதைவிட உறுதியான சோதனை.

இவற்றுள் தமிழர் அறிந்த வரலாறு மிக நீண்டது தும்பைக்கே. தொல்காப்பியம் வகுக்கும் புறத்திணைகளுள் ஒன்று இப்பூவின் பெயரைத் தாங்குகிறது. எதிரெதிர் நின்று பொரும் வீரர் சூடிய பூ தும்பை. கபிலரின் குறிஞ்சிப்பாட்டில் அடுக்கப்படும் 99 பூக்களின் வரிசையில் தும்பையும் துளசியும் அடுத்தடுத்து வருகின்றன. அது யாப்பு கூட்டிய அண்மையாகவே இருக்கலாம், எனினும் இன்றைய தாவரவியல் அவ்விரண்டையும் ஒரே குடும்பத்தில் வைப்பது சுவையான பொருத்தம். சைவ மரபில் தும்பை சிவனுக்குரிய பூவாதலால், அண்ணாமலையார் வீற்றிருக்கும் ஊரில் அதற்குத் தனி மதிப்பு உண்டு.

லூகஸ் ஆஸ்பெரா என்பது தும்பையின் அறிவியற்பெயர். ஓராண்டுச் செடியாகிய இது பெரும்பாலும் முழங்கால் உயரத்தைத் தாண்டுவதில்லை. ஒடுங்கி நீண்ட இலைகளும் சொரசொரப்பான தண்டும் கொண்டது. பூக்கள் கணுவைச் சுற்றி நெருக்கமான உருண்டைகளாக அமையும். தூய வெள்ளையான அப்பூவின் மேலுதடு சிறியது, வளைந்தது, வெண்பஞ்சு போர்த்தது. கீழுதடு பெரியது, அதன் நடுமடல் அகன்று விரிந்தது. கீழுதட்டில் வந்து இறங்கும் தேனீ குழலுக்குள் நாவை நீட்டும்போது, மேலுதட்டுக்கடியில் ஒளிந்திருக்கும் நான்கு மகரந்தத்தாள்களும் அதன்மேல் பொடியைப் பூசிவிடுகின்றன. துளசியில் இவ்வமைப்பு தலைகீழாக உள்ளது. அங்கே மகரந்தத்தாள்கள் கீழுதட்டின்மேல் சாய்ந்து கிடக்கும். தும்பையின் புல்லிவட்டம் சற்றே வளைந்த குழலாய், வாய் சரிந்து, விளிம்பில் பத்துக்கு மேற்படாத சிறு பற்களுடன் இருக்கும். அவற்றுள் மேற்பல் நீண்டது. துளசியின் புல்லிவட்டத்திலோ மேற்பக்கம் அகன்ற வட்டமான ஒரே மடலும், கீழ்ப்பக்கம் கூரிய நான்கு பற்களும் காணப்படும். பூ உதிர்ந்த பிறகும் இவ்வேறுபாடு செடியிலேயே நிலைப்பதால், இக்குடும்பத்தின் இனங்களைப் பிரித்தறிய முயல்வோர் பூவின் நிறத்தைவிடப் புல்லிவட்டத்தையே முதலில் நோக்க வேண்டும்.

தும்பைக்கு நெருங்கிய பேய்மிரட்டி, ஆள் இடுப்புக்கு மேலும் வளரக்கூடிய புதர்ச்செடி. இலையும் தண்டும் வெண்மயிர் அடர்ந்து தொடுவதற்கு மெத்தென்று இருக்கும், பூ இளஊதா, புல்லிவட்டத்தின் ஐந்து பற்களும் ஏறக்குறைய ஒரே அளவின. மழை பொய்த்த ஆண்டிலும் தரிசுகளில் பச்சையாக நிற்பது இதன் இயல்பு. குழந்தைகளுக்குப் பல் முளைக்கும் பருவத்தில் வரும் வயிற்றுக்கோளாறுகளுக்கு இதனை வழங்குவது சித்த மருத்துவ வழக்கு. இதன் இலையைத் திரியாக முறுக்கி எண்ணெயில் இட்டு விளக்கேற்றும் வழக்கமும் உண்டு. பச்சை இலை எரிகிறதே என்று வியப்போர் பலர். இலையை மூடிய மயிர்கள் எண்ணெயை உறிஞ்சி நுனிக்குக் கொண்டுசெல்கின்றன, எரிவது அந்த எண்ணெயே என்பதுதான் இதற்கான விளக்கம். பெருந்தும்பை என்ற பெயர் சில இடங்களில் இப்பேய்மிரட்டியையும், வேறு சில இடங்களில் உருண்டையான பெரிய பூத்தலை கொண்ட மற்றொரு தும்பை இனத்தையும் குறிப்பதால், பெயரை மட்டும் சொல்லி மூலிகை கேட்பது இவ்விரண்டின் மட்டிலேனும் ஆபத்தானது.

தூரத்து உறவாகிய ஸ்கல்கேப், ஸ்குட்டெல்லாரியா என்னும் பேரினம். அதில் முந்நூற்றுக்கும் மேற்பட்ட இனங்கள் உள்ளன. இதன் புல்லிவட்டத்தில் பற்களே இல்லை. வழவழப்பான இரு உதடுகள் மட்டுமே. மேலுதட்டின் முதுகில் சிறு கேடயம் நிமிர்த்தி வைத்தாற்போல ஒரு மேடு எழுந்து நிற்கும். இக்குடும்பத்தில் இப்பேரினத்தைப் பிரித்துக் காட்டும் முத்திரை அதுவே. பூ உதிர்ந்ததும் இரு உதடுகளும் மூடிக்கொள்கின்றன; உலர்ந்தபின் மேலுதடு கழன்று விழ, கீழுதடு மட்டும் தங்கிவிடுகிறது. வட அமெரிக்காவின் ஈரநிலங்களில் வளரும் லேட்டெரிஃப்ளோரா என்னும் இனம், இலைக்கக்கத்திலிருந்து கிளைக்கும் காம்புகளில் ஒரு பக்கமாகச் சாய்ந்த சிறு நீலப் பூக்களைக் கொண்டது. அதன் இலையும் தண்டும் மன அமைதிக்கான தேநீராக அருந்தப்படுகின்றன. சீனத்தின் பைக்காலென்சிஸ் இனத்தில் பயன்படுவது வேர். வெட்டினால் மஞ்சளாகத் தெரியும் அவ்வேர், ஷென்னோங்கின் பெயரால் வழங்கும் பழைய மூலிகை நூலிலேயே இடம்பெற்றது. தமிழகத்திலும் இப்பேரினம் இல்லாமலில்லை. வயலேசியா என்னும் இனம் நீலகிரி, பழனி மலைகளின் குளிர்ந்த உயரங்களில் வளர்கிறது. அதை அங்கிருந்து பறித்துவருவது சோலைக்காட்டுக்குச் செய்யும் தீங்கேயன்றி வேறில்லை.

அடையாளம் காண்பதில் நேரும் பிழை உயிரைத் தொடும் என்பதற்கு ஸ்கல்கேப்பின் வணிக வரலாறே சான்று. அதன் பெயரால் விற்கப்பட்ட பொடிகளில் டியூக்ரியம் என்னும் வேறொரு புதினாக் குடும்பச் செடி கலந்திருந்தது பலமுறை கண்டறியப்பட்டுள்ளது. அச்செடி கல்லீரலைச் சிதைக்கக்கூடியது. உடல் இளைக்கவென அதன் ஓர் இனத்தைக் குளிகையாக உட்கொண்டோருக்குக் கல்லீரல் அழற்சி கண்டதால், பிரான்சு 1992இல் அதன் விற்பனையைத் தடைசெய்தது. பூத்து நிற்கும் நிலையில் இவ்விரண்டையும் ஒரு குழந்தைகூடப் பிரித்துச் சொல்லிவிடும். டியூக்ரியத்தின் பூவில் மேலுதடே இல்லாததுபோல் தோன்றும், கேடய மேடும் கிடையாது. உலர்த்தி அரைத்துப் பொடியாக்கிய பின்னரோ, நுண்ணோக்கியும் வேதிச் சோதனையும் இல்லாமல் தேர்ந்த தாவரவியலாரும் தடுமாறுவர். இது அயல்நாட்டுக் கதை என்று தள்ளத்தக்கதன்று. நாட்டு மருந்துக்கடையில் பொடியாக வாங்கும் எந்த மூலிகைக்கும் இது பொருந்தும். கூடியவரை பூவும் காயும் உள்ள முழுச்செடியாக வாங்குவதே அறிவுடைமை.

ஸ்கல்கேப்பைத் திருவண்ணாமலையில் வளர்க்க இயலுமா என்னும் கேள்விக்கு, முயலலாம், ஆனால் முயற்சிக்கேற்ற பலன் இராது என்பதே நேர்மையான விடை. லேட்டெரிஃப்ளோராவின் விதை குளிர்காலத்தைக் கடந்தால்தான் நன்றாக முளைக்கும் இயல்புடையது. ஆதலால் ஈரமணலில் கலந்து சில வாரங்கள் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, அதன்பின் விதைக்க வேண்டும். முளைத்த செடிக்கு எந்நாளும் ஈரமும் அரைநிழலும் தேவை. சித்திரை, வைகாசி வெயிலில் பாறைமலை கக்கும் வெப்பத்தை அது தாங்குவது அரிது. சீன இனம் வடிகால் உள்ள நிலத்தை விரும்புவது என்றாலும், வேர் பருக்க இரண்டு மூன்று ஆண்டுகள் காத்திருக்க வேண்டும்.

தும்பைக்கு இத்தகைய சீராட்டு எதுவும் வேண்டியதில்லை. காய்ந்த பூ உருண்டைகளை ஒரு தாளின்மேல் தட்டினால் பழுப்பு நிறச் சிறுவிதைகள் உதிரும். அவற்றை முதல் மழைக்குப் பின் கிளறிய மண்ணின் மேற்பரப்பில் தூவி, மணலை மெல்லியதாகப் போர்த்தினால் போதும். முழுவெயில் படும் இடமே ஏற்றது. எரு மிகுந்தால் இலை தழைத்துப் பூ குறையும். நீர் தேங்கினால் வேர் அழுகும். ஒருமுறை வேரூன்றிய இடத்தில் அடுத்த ஆண்டு தானாகவே முளைக்கும், களைக்கொத்து அதைத் தொடாமல் இருந்தால். பேய்மிரட்டியை விதையாலும் இளந்தண்டுப் போத்தாலும் பெருக்கலாம். வேலியோரமே அதற்குரிய இடம்.

இக்குடும்பத்தில் வடதமிழகத்து உழவர்களுக்குப் பணம் தந்த பயிர் ஒன்று உண்டெனில் அது மருந்துக்கூர்க்கன். சேலம் உள்ளிட்ட மாவட்டங்களில் நிறுவனங்களுடன் செய்துகொண்ட ஒப்பந்தத்தின்பேரில் பயிரிடப்படும் இது, நுனித்தண்டுகளை நட்டு ஏறத்தாழ ஆறு மாதத்தில் கிழங்கெடுக்கும் பயிர். 1970களில் இந்திய ஆய்வகங்களில் பிரித்தெடுக்கப்பட்ட ஃபோர்ஸ்கோலின் என்னும் பொருள் இக்கிழங்கிலிருந்தே கிடைக்கிறது. விலை வாங்குவோர் கையில் இருப்பதால், ஒப்பந்தத்தை எழுத்தில் உறுதிசெய்யாமல் நடுவது விவேகமாகாது.

ஐயம் தீராத செடியைப் பூவும் காயும் உள்ள கிளையாக எடுத்துத் தாள்களுக்கிடையே அழுத்தி உலர்த்தி, எடுத்த இடத்தையும் நாளையும் பூவின் நிறத்தையும் குறித்துவைத்தால், தாவரவியல் துறையுள்ள எந்தக் கல்லூரியிலும் காட்டிப் பெயர் கேட்கலாம். கோயம்புத்தூரில் இந்தியத் தாவரவியல் ஆய்வகத்தின் தென்மண்டல நிலையமும், திருச்சிராப்பள்ளி தூய வளனார் கல்லூரியின் ராபினாட் உலர்தாவரக் கூடமும் இப்பணிக்குப் பேர்போனவை. அக்கூடத்தை நிறுவிய கே. எம். மாத்யூ 1980களில் வெளியிட்ட தமிழகச் சமவெளித் தாவரத் தொகுதி இப்பகுதிச் செடிகளை விரிவாக விளக்குகிறது. பூசைக்கோ மருந்துக்கோ தும்பை பறிப்போர் செடியை வேரோடு பிடுங்காமல் பூவை மட்டும் கொய்து, ஒரு பகுதிச் செடிகளை விதை முற்றும்வரை விட்டுவைக்க வேண்டும்; ஓராண்டுச் செடியாகிய தும்பைக்கு மறு ஆண்டு முளைக்க அவ்விதையைத் தவிர வேறு வழியில்லை.