தாமரைக்கு யார் பங்காளி?

தாமரையும் அல்லியும் ஒன்றாகக் கிடக்கும் குளம் எங்காவது கண்ணில் பட்டால், இரண்டிலும் ஒவ்வோர் இலை பறித்துக் கரையில் வைத்துப் பாருங்கள். அல்லி இலையில் ஒரு வெட்டு இருக்கும். விளிம்பிலிருந்து காம்பு சேரும் இடம் வரைக்கும், தோசையில் ஒரு விள்ளல் கிள்ளி எடுத்த மாதிரி. தாமரை இலையில் வெட்டு கிடையாது. முழு வட்டம், குடைக்குக் கம்பி போல நட்டநடுவில் காம்பு. அல்லி இலை தண்ணீரோடு ஒட்டிக் கிடக்கும். தாமரை இலையில் முதலில் வருபவை மிதந்தாலும், பிறகு வருபவை தண்ணீரை விட்டு எழும்பிக் காற்றில் ஆடும். தாமரைக் காம்பை ஒடித்து மெல்ல இழுத்தால் சிலந்தி இழை போல நூல் நூலாக நீளும்.

பூ உதிர்ந்த பிறகு வித்தியாசம் இன்னும் பளிச்சென்று தெரியும். தாமரையில் பொகுட்டு நிமிர்ந்து நிற்கும். அதன் தட்டையான தலையில் குழிகள், குழிக்கு ஒரு கொட்டை. அல்லி அப்படியில்லை. காயைத் தண்ணீருக்கு அடியில் இழுத்துக்கொண்டுபோய் அங்கேயே பழுக்க வைக்கும்.

பூக்கடையில் யாரும் தாமரை கேட்டு அல்லியை வாங்கி வருவதில்லை. ஆனாலும் தாவரவியல் புத்தகங்களில் இந்த இரண்டும் நெடுங்காலம் ஒரே வீட்டில் குடியிருந்தன. அந்த வீட்டிலிருந்து தாமரை வெளியேறிய கதையைச் சொன்னால், உயிர்களை அறிவியல் எப்படி வகைப்படுத்துகிறது என்பதைத் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.

சுவீடனைச் சேர்ந்த கார்ல் லின்னேயஸ் 1753-இல் வெளியிட்ட தாவர நூலில் தாமரைக்கு வைத்த பெயர் நிம்ஃபேயா நெலும்போ. நிம்ஃபேயா என்பது அல்லியின் பேரினம். அதாவது அவர் கணக்கில் தாமரை என்பது அல்லியில் ஒரு ரகம். நெலும்போ என்ற சொல் தாமரையைக் குறிக்கும் 'நெலும்' என்ற சிங்களச் சொல்லிலிருந்து போனது. லின்னேயஸ் செடிகளைப் பிரித்த முறை எளிது: பூவைத் திறந்து மகரந்தத் தாள்களை எண்ணு. ஒன்று இருந்தால் ஒரு வகுப்பு, இரண்டு இருந்தால் அடுத்த வகுப்பு. தாமரையிலும் அல்லியிலும் எண்ணி மாளாத தாள்கள். இரண்டும் ஒரே வகுப்பில் விழுந்தன.

இதை மட்டமாகப் பேசிவிட முடியாது. கையில் கிடைத்த செடிக்குப் பெயர் தேடுகிறவனுக்கு இந்த எண்ணிக்கை பெரிய உதவி. ஆனால் நூலகத்தில் புத்தகங்களை உயரம் பார்த்து அடுக்குவது போன்ற உதவிதான் அது. எடுக்க வசதி, எந்தப் புத்தகத்துக்கும் எந்தப் புத்தகத்துக்கும் உறவு என்பதை அது சொல்லாது. இது செயற்கையான ஏற்பாடு என்பது லின்னேயஸுக்கே தெரியும்.

எதைப் பார்த்துப் பிரிக்கிறோம் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. தொல்காப்பிய மரபியல் உயிர்களை அறிவின் எண்ணிக்கை பார்த்து ஓரறிவு முதல் ஆறறிவு வரை அடுக்குவது பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரியும். அதே இயலில் அவ்வளவாகப் பேசப்படாத இன்னொரு பிரிவு உண்டு. வெளிப்பக்கம் வைரம் பாய்ந்தது புறக்காழ், அது புல். உள்ளே வைரம் பாய்ந்தது அகக்காழ், அது மரம். இந்த அளவுகோலின்படி பனையும் தெங்கும் மூங்கிலும் மரமல்ல, புல். இன்றைய தாவரவியலும் இந்த மூன்றையும் நெல், அருகு ஆகியவற்றோடு ஒருவித்திலைத் தாவரங்களில்தான் வைக்கிறது. தொல்காப்பியர் பரிணாமம் அறிந்திருந்தார் என்று கிளம்பிவிடக் கூடாது. அவர் உறவைத் தேடவில்லை, தண்டைப் பார்த்தார். தண்டு நல்ல சாட்சியாக அமைந்துவிட்டது. மகரந்தத் தாளின் எண்ணிக்கை அவ்வளவு நல்ல சாட்சியாக அமையவில்லை.

1859-இல் டார்வின் எழுதிய நூலில் ஒரே ஒரு படம்தான் உண்டு. கிளை பிரிந்து பிரிந்து மேலே போகும் ஒரு வரைபடம். அதற்குப் பிறகு வகைப்படுத்துவது என்ற வேலையின் பொருளே மாறிவிட்டது. முன்பு கேட்ட கேள்வி, எது எதைப் போல இருக்கிறது? இப்போதைய கேள்வி, எதற்கும் எதற்கும் ஒரே பாட்டன்? சிற்றினம், பேரினம், குடும்பம், துறை, வகுப்பு என்று நாம் படித்து ஒப்பித்த அடுக்கெல்லாம் பங்காளி வரிசைதான் என்று ஆனது.

பங்காளியைக் கண்டுபிடிப்பதில் ஒரு சிக்கல் இருக்கிறது. போலீஸ்காரரும் ஆட்டோ ஓட்டுநரும் காக்கி போடுகிறார்கள் என்பதால் அண்ணன் தம்பி ஆகிவிட மாட்டார்கள். தொழில் கொடுத்த உடுப்பு அது. சேற்றில் வேர், தண்ணீரில் தண்டு, மேலே வெயில் என்று ஒரு செடி பிழைக்க வேண்டுமென்றால் அதற்குச் சில ஏற்பாடுகள் தேவை. வேருக்குக் காற்றைக் கொண்டுபோகக் காம்புக்குள் குழாய்கள் வேண்டும். வெயிலைப் பிடிக்க அகன்ற வட்ட இலை வேண்டும். தாமரைக்கும் அல்லிக்கும் இவை இரண்டும் உண்டு. குளம் கொடுத்த உடுப்பா, பாட்டன் கொடுத்த சொத்தா என்று இவற்றை வைத்து எப்படிச் சொல்வது?

சந்தேகம் எழாமல் இல்லை. 1763-இலேயே பிரான்சின் ஆடன்சன் தாமரையைத் தனிப் பேரினமாக்கினார். பிறகு சிலர் தனிக் குடும்பமே கொடுத்தார்கள். ஆனால் பெந்தாம், ஹூக்கர் இருவரும் 1862-க்கும் 1883-க்கும் இடையே வெளியிட்ட பெருநூலில் தாமரை மறுபடி அல்லிக் குடும்பத்துக்குள்தான் இருந்தது. இந்தியாவில் தாவரவியல் படித்த பல தலைமுறையினர் மனப்பாடம் செய்தது அந்த வகைப்பாட்டைத்தான். தனிக் குடும்பம் கொடுத்தவர்களும் அல்லிக்குப் பக்கத்து வீட்டில்தான் வைத்தார்கள். நுண்ணோக்கியில் மட்டும் ஒரு முரண் தெரிந்துகொண்டிருந்தது: தாமரையின் மகரந்தத் தூளில் மூன்று பள்ளங்கள். மாவும் முருங்கையும் அடங்கிய பெருங்கூட்டத்தின் அடையாளம் அது. அல்லியின் தூளில் அப்படி இல்லை.

வழக்கைத் தீர்த்தது டி.என்.ஏ. எப்படி என்பதற்கு உ.வே.சாமிநாதையரைத்தான் அழைக்க வேண்டும். சீவக சிந்தாமணியை 1887-இல் பதிப்பிப்பதற்கு முன் அவர் பல ஊர் ஏடுகளைத் தேடி எடுத்து ஒப்பிட்டார். ஏடு எழுதுகிறவர் ஓரிடத்தில் பிழை விட்டால், அந்த ஏட்டைப் பார்த்து எழுதப்பட்ட ஏடுகளிலெல்லாம் அந்தப் பிழை வரும். ஆகவே இரண்டு ஏடுகளில் ஒரே விசித்திரப் பிழை இருந்தால் அவை இரண்டும் ஒரு தாய் ஏட்டிலிருந்து வந்தவை என்று ஊகிக்கலாம். உறை புதிதா பழசா, எந்த மடத்தில் இருந்தது என்பதெல்லாம் பொருட்டல்ல. பாடபேதம் சொல்லும் வம்சாவளியை உறை சொல்லாது.

உயிர்களுக்குள்ளும் அப்படி ஓர் ஏடு தலைமுறை தலைமுறையாகப் பிரதி எடுக்கப்பட்டு வருகிறது, பிழைகளோடு. பச்சையம் இருக்கும் செடிகளில் காற்றிலுள்ள கரியமில வாயுவைப் பிடிக்க ஒரு புரதம் உண்டு. அதன் பெரிய பகுதிக்கான மரபணு ஏறக்குறைய 1,400 எழுத்து நீளம். 1993-இல் மார்க் சேஸ் உள்ளிட்ட 42 ஆய்வாளர்கள் சேர்ந்து, விதைத் தாவரங்களில் 499-இன் இந்த ஒரு மரபணுவை எழுத்தெழுத்தாக ஒப்பிட்டு ஒரு வம்சாவளி போட்டார்கள். அதிலும் தொடர்ந்து வந்த ஆய்வுகளிலும் தாமரை அல்லியின் பக்கத்தில் இல்லை.

தாமரை போய் நின்ற இடம்தான் வேடிக்கை. 1998-இல் உலகத் தாவரவியலாளர் குழு ஒன்று வெளியிட்ட புதிய வகைப்பாட்டில் தாமரையின் துறையில் இருந்த மற்ற இரண்டு குடும்பங்களும் குளத்தை எட்டிப் பார்க்காதவை. ஒன்றில் காஷ்மீரத்துச் சினார் மரம். இன்னொன்றில் மக்கடாமியா கொட்டை மரமும், நம் மலைத் தோட்டங்களில் காப்பிக்கும் தேயிலைக்கும் நிழலுக்காக வரிசையாக நட்டிருக்கிறோமே, அந்தச் சில்வர் ஓக்கும். பங்காளிகள் தரையில் மரமாக நிற்க, ஒருவர் மட்டும் தண்ணீருக்குள் இறங்கி, அங்கே ஏற்கெனவே இருந்தவர்களின் உடுப்பை மாட்டிக்கொண்டதுபோல் இருக்கிறது இந்தக் கதை. கிளை பிரிந்து பத்துக் கோடி ஆண்டுகளுக்கு மேல் ஆகிறது.

அல்லியோ பூக்கும் தாவரங்களின் வம்சத்தில் வெகு தொடக்கத்திலேயே பிரிந்துபோன கிளை. அது போன பிறகுதான் மிச்சக் கூட்டம் நெல், தென்னை, மிளகு, மா, தாமரை என்று கிளைத்தது. எனவே தாமரைக்கு அல்லியைவிடத் தென்னை நெருங்கிய உறவு. நம்பக் கஷ்டமாகத்தான் இருக்கிறது. விலங்குகளிலும் இப்படி உண்டு: முதலைக்குப் பல்லியைவிடக் காக்கை நெருங்கிய சொந்தம்.

உறவு திருத்தினால் பெயரும் மாறும். இதில் எல்லாருக்கும் மகிழ்ச்சி இல்லை. அகேசியா என்ற பழைய பேரினம் ஒரே பாட்டன் வழி அல்ல என்று தெரிந்ததும் அதை உடைத்தார்கள். பெயர் யாருக்கு என்ற சண்டையில், வியன்னாவில் 2005-இல் கூடிய மாநாடு அதை ஆஸ்திரேலிய மரங்களுக்குக் கொடுத்தது. மெல்பர்னில் 2011-இல் கூடியது அதை உறுதி செய்தது. நம் கருவேலமரம் இப்போது வச்செல்லியா. கருவேலம் என்ற பெயருக்கு மாநாடு எதுவும் தேவைப்படவில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அடுத்த தடவை ஏற்காட்டுக்கோ நீலகிரிக்கோ போகும்போது சில்வர் ஓக்கின் உதிர்ந்த இலை ஒன்றைப் புரட்டிப் பாருங்கள். அடிப்பக்கம் வெள்ளி பூசினாற்போல் இருக்கும். தாமரையின் பங்காளி அது. பல தோட்டங்களில் அந்த மரத்தின் மேல் மிளகுக்கொடி ஏறியிருக்கும். அந்தக் கொடிகூட அல்லியைவிடத் தாமரைக்கு நெருக்கம்.