ஊமைப் படத்தில் ஒரு துணைநடிகை

பனிச்சங்கேணி முதலான வாவிக்கரை ஊர்களிலே கூத்துப் பார்த்தோர் ஓர் உண்மையை அறிவர். அரசனாக வருபவனுக்கு மட்டுமன்று, சேவகனாக வருபவனுக்கும் களரியில் ஒரு ‘வரவு’ உண்டு. அவன் ஆட்டம் பிசகினால் அரசனின் கொலுவும் சோபிப்பதில்லை. சினிமாவிலோ துணை வேடம் தாங்கியோரை நாம் எளிதில் மறந்துவிடுகிறோம். அவ்வாறு மறக்கப்பட்டவர்களுள் ஒருவர் சீதா தேவி.

இந்திய, ஜேர்மன் ஊமைப் பட உலகங்களை இணைத்த படங்களில் நடித்த இவரது இயற்பெயர் ரெனீ சிமித். இவர் ஓர் ஆங்கிலோ இந்தியப் பெண். நமது கூத்திற் போலவே அக்காலத் திரையிலும் பெண் வேடத்தை ஆடவர் தாங்கியதுண்டு. 1913 இல் வெளிவந்த ‘ராஜா ஹரிச்சந்திரா’வில் அரசியாக நடித்தவர் ஓர் ஆடவரே! குடும்பப் பெண்கள் நடிக்க அஞ்சிய அந்நாளில் ஆங்கிலோ இந்தியப் பெண்கள் சிலர் துணிந்து முன்வந்தனர். இந்தியப் பெயர்களையும் சூடிக்கொண்டனர்.

1925 இல் வங்காளத்து ஹிமான்சு ராய், மூனிச் நகரத்து எமெல்கா கம்பனியோடு கூடிப் புத்தர் பெருமானின் சரிதத்தைப் படமாக்கினார். அதனை நெறிப்படுத்தியவர் ஜேர்மனியரான பிரான்ஸ் ஒஸ்டன். ராய் புத்தராகவும் சீதா தேவி அவர்தம் துணைவி கோபையாகவும் தோன்றினர். இலங்கையில் அப்படம் தடைசெய்யப்பட்டது. புத்தரை மனிதனொருவன் நடித்துக் காட்டுதல் தகாது என்பதே காரணம்.

1928 இல் தாஜ்மகாலின் கதையாக ‘ஷிராஸ்’ வெளிவந்தது. இம்முறை நாயகி வேடம் ஏனாக்ஷி ராமராவுக்குச் சென்றது. சீதா தேவிக்குக் கிடைத்ததோ அரசியாகும் ஆசையாற் சூழ்ச்சி செய்யும் தாலியாவின் வேடம். ஷிராஸ் யானைக்காலில் இடறப்படும் தண்டனைக்கு ஆளாவது அவளது சூழ்ச்சியினாலேயே. அவளில்லையேல் கதையில் ஓட்டமில்லை. அடுத்த ஆண்டு, சூதாட்டக் கதையொன்றில் சீதா தேவி மீண்டும் நாயகியானார். அப்போது படத்தின் கர்த்தாவான ராயே வஞ்சக வேடத்தை ஏற்று, நாயகன் இடத்தைச் சாரு ராய்க்கு வழங்கினார்.

ஊமைப் படத்துக்கு மொழி வேலியில்லை. இடையிடையே காட்டும் எழுத்துக்களை மாற்றினாற் போதும். மூனிச்சிலும் கல்கத்தாவிலும் ஒரே முகம் பேசிவிடும். 1931 இல் இந்தியாவிற் பேசும் படம் பிறந்தது. அது நாவன்மையையும் வேண்டி நின்றது. இந்துஸ்தானி சரளமாகப் பேசமாட்டாத ஆங்கிலோ இந்திய நடிகையர் பலருக்கு வழி அடைபட்டது. சீதா தேவியும் திரையிலிருந்து மறைந்தார். ராயோ 1934 இல் ‘பம்பாய் டாக்கீஸ்’ நிறுவனத்தைத் தொடங்கினார். 1939 இல் யுத்தம் மூண்டு, பகைநாட்டவர் எனச் சிறைப்படும்வரை ஒஸ்டன் அங்கே படங்களை நெறிப்படுத்தினார்.

‘ஷிராஸ்’ 2017 இல் பிரித்தானியத் திரைப்பட நிறுவனத்தாற் புதுப்பிக்கப்பட்டு, அனுஷ்கா சங்கரின் இசையோடு மீண்டும் திரையேறியது. மாணவ நேயர்கள் அதனைக் காணும் வாய்ப்புப் பெற்றால், மும்தாஸின் எழிலோடு நின்றுவிடாது தாலியாவின் கண்களையும் கவனிப்பார்களாக. கதையை நகர்த்தும் கை பலவேளைகளில் இரண்டாம் வரிசையிலேதான் நிற்கிறது.