வாஃபிள் சுட பணியாரக் கல் போதும்

ஏர்பேடு என்ற ஊர் ரேணிகுண்டாவுக்கும் காளஹஸ்திக்கும் நடுவில் இருக்கிறது. முன்பு இது சித்தூர் மாவட்டத்தில் இருந்தது. 2022 ஏப்ரல் முதல் திருப்பதி மாவட்டத்தில் இருக்கிறது. இந்தப் பக்கம் தெலுங்கும் உண்டு, தமிழும் உண்டு. 2015இல் தொடங்கிய இரண்டு பெரிய கல்வி நிலையங்கள் இங்கே இருக்கின்றன. ஒன்று ஐ.ஐ.டி. மற்றொன்று ஐசர். பல மாநிலத்துப் பிள்ளைகள் அங்கே படிக்கிறார்கள்.

ஆட்கள் வந்தால் புதிய பண்டங்களின் பெயர்களும் வரும். பீட்சா, பர்கர், மோமோ என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். அந்த வரிசையில் ஒன்றுதான் வாஃபிள். திருப்பதி போன்ற பெரிய ஊர்களில் அதை விற்கும் கடைகள் உண்டு.

ஒரு குடும்பம் திருப்பதிக்குப் போகிறது என்று வைத்துக்கொள்வோம். கடை வாசலில் பிள்ளை நிற்கிறது.

"அம்மா, எனக்கு வாஃபிள் வாங்கித் தாம்மா."

அம்மா விலைப் பலகையைப் படிக்கிறார். இப்போது அவருக்குப் படிக்கத் தெரியும். படித்ததும் மனம் கணக்குப் போடுகிறது. ஒன்று வாங்கினால் ஒரு வேளைக் காய்கறிப் பணம் போய்விடும். வீட்டில் மூன்று பிள்ளைகள்.

"அதெல்லாம் நமக்கு வேண்டாம், வா" என்கிறார். பிள்ளையின் முகம் வாடுகிறது. அம்மாவின் முகமும் வாடுகிறது.

வாஃபிள் நமக்கு எட்டாத பண்டமா? அதற்குத் தனி இயந்திரம் வேண்டுமா? வாருங்கள், பார்ப்போம்.

வாஃபிள் என்றால் என்ன?

மாவு, பால், முட்டை, வெண்ணெய், சர்க்கரை. இவற்றைக் கரைத்து இரும்பில் சுட்டால் வாஃபிள். அவ்வளவுதான். இவற்றில் நாம் அறியாத பொருள் எதுவும் இல்லை.

கடையில் ஒரு மின்சாரப் பெட்டி வைத்திருப்பார்கள். அதில் மேலே ஒரு தட்டு, கீழே ஒரு தட்டு. இரண்டிலும் சிறு சிறு மேடுகள் இருக்கும். கீழ்த் தட்டில் மாவை ஊற்றி, மேல் தட்டை மூடுவார்கள். மாவு இரண்டு பக்கமும் ஒரே நேரத்தில் வேகும். மேடு பட்ட இடம் குழியாகும். தேன்கூடு போல, கட்டம் கட்டமாக இருக்கும்.

இந்தப் பண்டம் ஐரோப்பாவில் தோன்றியது. அங்கே பல நூறு ஆண்டுகளுக்கு முன்பே இதைச் சுட்டார்கள். அப்போது மின்சாரம் இல்லை. இடுக்கி போல நீண்ட பிடியுள்ள இரண்டு இரும்புத் தட்டுகளை நெருப்பில் காட்டிச் சுட்டார்கள். அமெரிக்காவில் கார்னீலியஸ் ஸ்வார்ட்வவுட் என்பவர், அடுப்பின் மேலேயே வைத்துத் திருப்பும் வாஃபிள் இரும்புக்கு 1869இல் காப்புரிமை பெற்றார். மின்சாரப் பெட்டி அதற்கும் பிறகுதான் வந்தது.

ஆகவே, வாஃபிளுக்கு மின்சாரப் பெட்டி முக்கியம் இல்லை. சூடான இரும்பும் சரியான மாவும்தான் முக்கியம்.

நம் வீட்டில் என்ன இருக்கிறது?

நம் வீட்டில் குழிப் பணியாரக் கல் இருக்கிறது. தெலுங்கு பேசும் வீடுகளில் அந்தப் பணியாரத்தைக் குந்த பொங்கனாலு என்பார்கள். குந்த என்றால் குழி. ராயலசீமையில் இது பெயர் பெற்ற பலகாரம்.

அச்சு முறுக்கும் நமக்குத் தெரியும். தெலுங்கில் அது குலாபி புவ்வுலு. கேரளத்தில் அச்சப்பம். இலங்கையில் கொக்கிஸ். பூப்போன்ற இரும்பு அச்சைக் காய்ந்த எண்ணெயில் சூடாக்கி, மாவில் தோய்த்து, மறுபடி எண்ணெயில் விடுகிறோம். சூடான இரும்பில் மாவு ஒட்டி, அச்சின் வடிவத்தைப் பெறுகிறது. வாஃபிளும் இப்படித்தான் வடிவம் பெறுகிறது. அது எண்ணெயில் பொரிவதில்லை. அது ஒன்றுதான் வேறுபாடு.

பணியாரக் கல்லில் சுட்டால் கட்டம் வராது. உருண்டையாக வரும். ஆனால் வெளியே மொறுமொறுப்பு, உள்ளே மென்மை, வெண்ணெய் மணம் எல்லாம் வரும்.

தேவையான பொருள்கள்

200 மில்லி பிடிக்கும் டம்ளர் ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றையும் அதே டம்ளரால் அளந்து போடுங்கள்.

மைதா அல்லது கோதுமை மாவு – 1 டம்ளர்
அரிசி மாவு – 2 மேசைக்கரண்டி
சர்க்கரை – 2 மேசைக்கரண்டி
பேக்கிங் பவுடர் – ஒன்றரை தேக்கரண்டி
உப்பு – 1 சிட்டிகை
பால் – முக்கால் டம்ளர்
முட்டை – 1
உருக்கிய வெண்ணெய் அல்லது எண்ணெய் – 3 மேசைக்கரண்டி
ஏலக்காய் – 2

இதில் 15 முதல் 18 பணியாரம் வரை வரும். கல்லின் குழி பெரிதானால் எண்ணிக்கை குறையும்.

செய்யும் முறை

1. மாவு, அரிசி மாவு, பேக்கிங் பவுடர், உப்பு ஆகியவற்றை ஒன்றாகச் சலியுங்கள். சர்க்கரையையும் தட்டிய ஏலக்காயையும் சேருங்கள்.

2. முட்டையை உடைத்து, வெள்ளைக் கருவையும் மஞ்சள் கருவையும் தனித்தனிக் கிண்ணத்தில் எடுங்கள்.

3. மஞ்சள் கருவுடன் பாலும் வெண்ணெயும் சேர்த்துக் கலக்குங்கள். வெண்ணெய் ஆறியிருக்க வேண்டும். சூடாக ஊற்றினால் முட்டை வெந்து திரியும்.

4. வெள்ளைக் கருவை மத்தால் அல்லது முள்கரண்டியால் நன்றாக அடியுங்கள். அது சோப்பு நுரை போல வெள்ளையாகப் பொங்கும்.

5. பால் கலவையை மாவில் ஊற்றிக் கலக்குங்கள். மாவு இட்லி மாவுப் பதத்தில் இருக்கட்டும். கெட்டியாக இருந்தால் கொஞ்சம் பால் விடுங்கள். கடைசியில் நுரையைச் சேர்த்து, அடியிலிருந்து மேலாக மெதுவாகக் கலக்குங்கள்.

6. பணியாரக் கல்லை நடுத்தரத் தீயில் காய வையுங்கள். குழிக்கு அரைத் தேக்கரண்டி எண்ணெய் விடுங்கள். முக்கால் குழிக்கு மாவு ஊற்றி மூடுங்கள்.

7. இரண்டு நிமிடம் கழித்துத் திறந்து, குச்சியால் திருப்பிப் போடுங்கள். இன்னும் இரண்டு நிமிடம் வேகட்டும். குச்சியால் குத்திப் பாருங்கள். மாவு ஒட்டாமல் வந்தால் வெந்துவிட்டது.

பணியாரக் கல் இல்லையா? தோசைக் கல்லில் உள்ளங்கை அகலத்துக்குக் கனமாக ஊற்றுங்கள். தீயைக் குறைத்து மூடி வையுங்கள். மேலே குமிழ் வந்ததும் திருப்புங்கள். இரண்டு பக்கமும் வெந்த பிறகு, எண்ணெய் விடாமல் பக்கத்துக்கு ஒரு நிமிடம் வாட்டுங்கள். மொறுமொறுப்பு வரும்.

முட்டை சேர்க்காதவர்கள் கால் டம்ளர் தயிரும் அரை டம்ளர் பாலும் விடலாம். பேக்கிங் பவுடர் ஒரு தேக்கரண்டியும் சமையல் சோடா கால் தேக்கரண்டியும் போடுங்கள்.

ஏன் அப்படிச் செய்கிறோம்?

காரணம் தெரிந்தால் தவறு நேராது. தவறினாலும் திருத்திக்கொள்ளலாம்.

பேக்கிங் பவுடர் எதற்கு? அதில் சோடாவும் ஒரு புளிப்புப் பொருளும் இருக்கின்றன. ஈரம் பட்டதும் இரண்டும் சேர்ந்து காற்றை வெளிவிடும். இந்தக் காற்று கரியமில வாயு. அதுதான் மாவை உப்பச் செய்கிறது. இட்லி மாவு இரவெல்லாம் புளித்துச் செய்யும் வேலையை இது சில நிமிடத்தில் செய்கிறது. அதனால் மாவைக் கலந்தவுடன் சுட வேண்டும். நெடுநேரம் வைத்தால் காற்று வெளியேறிவிடும்.

மாவை அதிகம் அடிக்கக் கூடாது. ஏன்? கோதுமையில் பசைத்தன்மை உண்டு. பிசையப் பிசைய அது இறுகும். சப்பாத்திக்கு அது நல்லது. இதற்கு ஆகாது. ரப்பர் போல ஆகிவிடும். சிறு கட்டி இருந்தாலும் பரவாயில்லை.

சர்க்கரை இனிப்புக்கு மட்டும் அல்ல. பொன் நிறம் வருவதற்கும் அது உதவுகிறது. அளவு கூடினால் கல்லில் பிடிக்கும், கருகும். இனிப்பு போதவில்லை என்றால் மேலே பாகு ஊற்றிக்கொள்ளலாம்.

சுட்டதை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்காதீர்கள். உள்ளிருந்து ஆவி வரும். அடுக்கினால் ஆவி தண்ணீராகி, எல்லாம் நைந்துவிடும். கம்பி வலையிலோ அகலத் தட்டிலோ பரப்பி வையுங்கள். சுடச்சுடச் சாப்பிடுவதே நல்லது.

மேலே என்ன ஊற்றலாம்?

கடையில் சாக்லேட்டும் ஐஸ்கிரீமும் ஊற்றுவார்கள். விலை ஏறுவதற்கு அதுவும் ஒரு காரணம். நாம் வெல்லப் பாகு ஊற்றலாம். அரை டம்ளர் வெல்லத்தில் கால் டம்ளர் தண்ணீர் விட்டுக் கொதிக்க வையுங்கள். வடிகட்டுங்கள். மீண்டும் சிறிது நேரம் கொதித்தால் தேன் போல ஆகும்.

சித்தூர் வட்டாரம் வேர்க்கடலை விளையும் பூமி. வேர்க்கடலையை வறுத்து, தோல் நீக்கி, பொடித்துத் தூவுங்கள். வாழைப்பழம் நறுக்கிப் போடுங்கள். தேனும் ஊற்றலாம். ஆனால் ஒரு வயது நிரம்பாத குழந்தைக்குத் தேன் கொடுக்கக் கூடாது.

பொட்டலத்தைப் படியுங்கள்

பேக்கிங் பவுடர் வேறு. சமையல் சோடா வேறு. இரண்டும் வெள்ளைப் பொடிதான். மாற்றிப் போட்டால் பண்டம் கசக்கும். பொட்டலத்தில் பெயரைப் படித்துப் பார்த்து வாங்குங்கள். எந்தத் தேதிக்குள் பயன்படுத்த வேண்டும் என்றும் பாருங்கள்.

வீட்டில் பழைய பேக்கிங் பவுடர் இருந்தால் சோதித்துப் பாருங்கள். சூடான தண்ணீரில் அரைத் தேக்கரண்டி போடுங்கள். நுரைத்துப் பொங்கினால் நல்லது. பொங்காவிட்டால் பயன் இல்லை.

இயந்திரம் வாங்கலாமா?

மின்சாரப் பெட்டிக்குக் கரண்ட் செலவு அதிகம் இல்லை. 750 வாட் பெட்டி முழு வேகத்தில் 20 நிமிடம் ஓடினால் கால் யூனிட் ஆகும். பெட்டியின் விலைதான் பெரிது. மாதம் ஒரு முறை செய்வதற்காகத் தவணையில் வாங்க வேண்டாம். கடன் வாங்கியும் வாங்க வேண்டாம். முதலில் பணியாரக் கல்லில் செய்து கை பழகுங்கள்.

சிலருக்கு இதைச் செய்து விற்கலாம் என்று தோன்றும். நல்ல எண்ணம்தான். சுய உதவிக் குழுவில் கலந்து பேசுங்கள். உணவுப் பொருள் விற்க, உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு செய்ய வேண்டும் என்பதை மறக்காதீர்கள்.

கணக்குப் போடுங்கள்

மாவு, பால், முட்டை, வெண்ணெய், சர்க்கரை ஆகியவற்றுக்கு உங்கள் ஊர் விலை என்ன? ஒரு தாளில் ஒன்றன் கீழ் ஒன்றாக எழுதுங்கள். முழுப் பொட்டலத்தின் விலையை எழுத வேண்டாம். நீங்கள் எடுத்த அளவுக்கு உரிய விலையை எழுதுங்கள். எரிவாயுச் செலவையும் சேருங்கள். மொத்தத்தைப் பணியாரங்களின் எண்ணிக்கையால் வகுங்கள். ஒன்றின் அடக்க விலை தெரிந்துவிடும். அதைக் கடை விலையோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

கடைக்காரருக்கு வாடகை உண்டு, ஆள் கூலி உண்டு. அவர் அந்த விலைக்குத்தான் விற்க முடியும். நமக்கோ அந்தச் செலவு இல்லை.

அடுத்த முறை பிள்ளை கடை வாசலில் நின்றால், "அது நமக்கு வேண்டாம்" என்று சொல்ல வேண்டியதில்லை. "ஞாயிற்றுக்கிழமை வீட்டில் சுடலாம், நீ முட்டையை அடித்துத் தா" என்று சொல்லலாம்.

கலந்து பேசுங்கள்

1. மாவைக் கலந்தவுடன் ஏன் சுட வேண்டும்?
2. சுட்டதை ஏன் அடுக்கி வைக்கக் கூடாது?
3. பேக்கிங் பவுடர் நல்லதா என்று எப்படிச் சோதிப்பீர்கள்?
4. உங்கள் வீட்டில் இரும்புக் கல்லில் சுடும் பலகாரங்கள் எவை? எழுதுங்கள்.